பதினான்கு என்றால் எவ்வளவு? உளவியலின் அடித்தளத்தைத் தட்டிப் பார்க்கும் கேள்விகள்

சில ஆண்டுகளுக்கு முன் என்னிடம் மனச்சோர்வை அளக்கும் ஒரு படிவத்தைக் கொடுத்து நிரப்பச் சொன்னார்கள். ஒன்பது கேள்விகள். கடந்த இரண்டு வாரங்களில் எதிலும் நாட்டமில்லாமல் இருந்தீர்களா, தூக்கம் கெட்டதா, சோர்வாக இருந்ததா என்று போகும். ஒவ்வொரு கேள்விக்கும் எதிரே நான்கு கட்டங்கள்: இல்லவே இல்லை, சில நாட்கள், பாதி நாட்களுக்கு மேல், கிட்டத்தட்ட தினமும். மதிப்பெண் முறையே 0, 1, 2, 3.

முதல் கேள்வியிலேயே பேனா நின்றுவிட்டது. நாட்டம் என்றால் எதில்? வேலையிலா, மனிதர்களிலா? பாதி நாட்களுக்கு மேல் என்றால் எட்டு நாளாவது இருக்க வேண்டும்; யார் எண்ணிக்கொண்டிருந்தார்கள்? 'சில நாட்கள்' கட்டத்தில் குறித்தேன். அடுத்த நொடியே அடித்துவிட்டுப் பக்கத்துக் கட்டத்துக்கு மாறினேன். எல்லாவற்றையும் கூட்டியபோது 14 வந்தது.

14 என்ன? ஒரு மேசையின் நீளம் 140 சென்டிமீட்டர் என்றால் புரிகிறது. என் மனதின் எது 14? ஏழு வாங்கியவரைப் போல இரண்டு மடங்கு சோர்வா எனக்கு? நான் அந்த ஒரு கட்டத்தை மாற்றாமல் விட்டிருந்தால் 13 ஆகியிருக்கும். அப்போது என்னிடமிருந்து எது குறைந்திருக்கும்?

இது குதர்க்கம் போலத் தோன்றலாம். ஆனால் உளவியல் என்ற துறையின் அடித்தளத்தைப் பற்றித் தத்துவவாதிகள் இருநூறு ஆண்டுகளுக்கு மேலாகக் கேட்டுவரும் கேள்விகள் ஏறக்குறைய இந்த வகைதான். பொதுவெளியில் இந்த விஷயம் இரண்டே வாக்கியங்களாகச் சுருங்கிவிட்டது. ஒரு தரப்பு, "உளவியலெல்லாம் அறிவியலே இல்லை" என்கிறது. மறு தரப்பு, "ஆய்வில் நிரூபித்துவிட்டார்கள்" என்கிறது. இருவருமே கேள்வியைத் தவறவிடுகிறார்கள்.

தராசும் தட்டும்

ஒரு தராசைப் பற்றி இரண்டு விதமாகச் சந்தேகப்படலாம். முள் சரியாக நிற்கிறதா, படிக்கல் சரியானதா என்பது ஒரு சந்தேகம். தட்டில் வைத்திருப்பது எடை உள்ள பொருள்தானா என்பது வேறொரு சந்தேகம். முதலாவதைத் தராசைச் சோதித்தே தீர்த்துவிடலாம். இரண்டாவதற்குத் தராசிடம் பதில் கிடையாது. எத்தனை துல்லியமான தராசாக இருந்தாலும் சரி.

உளவியல் மீதான தத்துவ விமர்சனம் இரண்டாவது ரகம். உங்கள் சோதனை மோசம், கணக்கு தப்பு என்று அது சொல்வதில்லை. சோதனை நன்றாகவே நடந்தது என்று வைத்துக்கொள்வோம், ஆனால் எதைச் சோதித்தீர்கள் என்று கேட்கிறது. நுண்ணறிவு, ஆளுமை, ஊக்கம், மனச்சோர்வு என்ற சொற்கள் எல்லாம் ஏதோ ஒரு பொருளின் பெயர்களா? அந்தப் பொருளை எண்ணால் அளக்க முடியும் என்று எப்படித் தெரிந்தது?

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். மனநல ஆலோசனை பயன்படுகிறதா இல்லையா என்பது இங்கே பேச்சல்ல. ஒரு மருந்து ஏன் வேலை செய்கிறது என்று தெரியாமலே வேலை செய்யலாம், அதுபோலத்தான் இதுவும்.

தன் முதுகு தனக்குத் தெரியுமா?

உளவியலுக்கு வந்த முதல் பெரிய ஆட்சேபம், அந்தத் துறை முறையாகத் தொடங்குவதற்கு முன்பே வந்துவிட்டது. 1786இல் ஜெர்மானியத் தத்துவவாதி இம்மானுவேல் காண்ட், மனதைப் பற்றிய ஆய்வு இயற்பியலைப் போன்ற அறிவியலாக ஆக முடியாது என்று எழுதினார். முக்கியமாக இரண்டு காரணங்கள் சொன்னார். மனதுக்குள் நடப்பவற்றின் மேல் கணிதத்தைப் பொருத்த முடியாது என்பது ஒன்று. கவனிக்கப்போனாலே கவனிக்கப்படும் மனநிலை மாறிவிடும் என்பது மற்றது.

இரண்டாவதை இப்போதே சோதித்துப் பார்க்கலாம். அடுத்த முறை கோபம் வரும்போது, "இந்தக் கோபம் எப்படி இருக்கிறது?" என்று உள்ளே திரும்பிப் பாருங்கள். பார்க்கத் தொடங்கிய நொடியே கோபத்தின் வேகம் தணிந்துவிடும். இல்லையென்றால் பார்ப்பதே நின்றுபோய்க் கோபம் மட்டும் மிஞ்சும். பிரெஞ்சுத் தத்துவவாதி அகஸ்ட் காம்ட் 19ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் இதையே வேறு மாதிரி சொன்னார்: சிந்திப்பவர் தன்னை இரண்டாகப் பிளந்து, ஒரு பாதி சிந்திக்க மறு பாதி அதை வேடிக்கை பார்க்க முடியாது.

ஆனாலும் துறை தொடங்கியது. 1879இல் வில்ஹெல்ம் வுண்ட் லைப்சிக் நகரில் உளவியல் ஆய்வுக்கூடம் அமைத்தார். அங்கே கையாண்ட முக்கியமான வழிகளில் ஒன்று அகநோக்கு. ஒருவர் தன் அனுபவத்தைத் தானே உள்நோக்கிக் கவனித்து அறிக்கை சொல்வதற்குத்தான் அந்தப் பெயர். வுண்ட் எச்சரிக்கையான ஆள். ஒலி, ஒளி போன்ற எளிய தூண்டல்களோடு, திரும்பத் திரும்பச் செய்து பார்க்கக்கூடிய நிலைமைகளில் மட்டுமே அகநோக்கை அவர் நம்பினார்.

அவருக்கு அடுத்து வந்தவர்களுக்கு அந்த எச்சரிக்கை போதவில்லை. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், வூர்ஸ்பர்க் நகர ஆய்வாளர்கள் ஒரு விஷயத்தை அறிவித்தார்கள்: எந்தப் பிம்பமும், எந்தப் புலனுணர்வும் இல்லாத வெறும் எண்ணங்கள் உண்டு, எங்கள் ஆட்கள் உள்ளே பார்த்துச் சொன்னார்கள். அமெரிக்காவின் கார்னெல் பல்கலைக்கழகத்தில் எட்வர்ட் டிட்ச்னர் இதை மறுத்தார்: அப்படி எதுவும் இல்லை, உங்கள் ஆட்களுக்குப் பயிற்சி போதாது, எங்கள் ஆட்கள் உற்றுப் பார்த்தால் மங்கலான பிம்பங்கள் தெரிகின்றன. சரி, யார் சொல்வது உண்மை? நிலவில் பள்ளம் இருக்கிறதா என்று சண்டை வந்தால் இரு தரப்பும் ஒரே தொலைநோக்கியில் பார்க்கலாம். இங்கே ஒவ்வொருவருக்கும் தனித்தனித் தொலைநோக்கி. ஒவ்வொன்றும் ஒரே ஒரு நிலவை மட்டும் காட்டும், அதை வேறு யாரும் பார்க்க முடியாது.

இந்தக் குழப்பத்தில் வெறுத்துப்போன அமெரிக்க உளவியலாளர் ஜான் வாட்சன் 1913இல் ஒரேயடியாக அடித்தார்: உள்ளே இருப்பதை விட்டுவிடுங்கள், வெளியே தெரியும் நடத்தையை மட்டும் ஆராயுங்கள். இதுதான் நடத்தைவாதம். நேர்மையான தீர்வு மாதிரித்தான் தெரியும். ஆனால் ஒருவர் கையை உயர்த்துகிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். அது கேள்வி கேட்கவா, வணக்கம் சொல்லவா, வாக்களிக்கவா, சோம்பல் முறிக்கவா? தசையின் அசைவு எல்லாவற்றிலும் ஏறக்குறைய ஒன்றுதான். எந்த நடத்தை என்று சொல்ல வேண்டுமானால், அவர் என்ன நினைத்துச் செய்தார் என்று கேட்டாக வேண்டும். முன்வாசலில் துரத்திய மனம் பின்வாசல் வழியாக உள்ளே வந்துவிடுகிறது.

இதுவரை பார்த்தது: மனதை உள்ளிருந்து பார்த்தால் சரிபார்க்க வழியில்லை; வெளியிலிருந்து மட்டும் பார்த்தால், பார்ப்பது இன்னதென்று சொல்லவே மனம் தேவைப்படுகிறது.

சிக்கல் சொல்லிலேயே இருந்தால்?

தத்துவவாதி லுட்விக் விட்கன்ஸ்டைன் இறந்து இரண்டு ஆண்டுகள் கழித்து, 1953இல், அவருடைய முக்கியமான நூல் வெளியானது. அதன் கடைசிப் பக்கங்களில் உளவியலைப் பற்றி ஒரு குத்தல் இருக்கிறது. உளவியலில் சோதனை முறைகளும் இருக்கின்றன, கருத்துக் குழப்பமும் இருக்கிறது. ஆனால் முறை ஒரு பக்கமும் பிரச்சினை இன்னொரு பக்கமுமாக ஒன்றையொன்று உரசாமல் போய்க்கொண்டிருக்கின்றன என்கிறார். 'இளம் அறிவியல்தானே, போகப்போகச் சரியாகிவிடும்' என்ற சமாதானத்தையும் அவர் ஏற்கவில்லை.

அவர் சொன்ன ஓர் உதாரணம் பிரபலமானது. ஆளுக்கு ஒரு பெட்டி. உள்ளே இருப்பதை எல்லாரும் 'வண்டு' என்கிறார்கள். அடுத்தவர் பெட்டியை யாரும் பார்க்க முடியாது. ஒருவர் பெட்டியில் வேறு ஏதோ இருக்கலாம், இன்னொருவர் பெட்டி காலியாகவும் இருக்கலாம். ஆனாலும் 'வண்டு' என்ற சொல் பேச்சில் சிக்கலில்லாமல் புழங்குகிறது. அப்படியென்றால் அந்தச் சொல்லின் பொருள் பெட்டிக்குள் இருப்பதைச் சார்ந்ததல்ல. நாம் அதைப் பயன்படுத்தும் விதத்தைச் சார்ந்தது. இப்போது வண்டு இருந்த இடத்தில் 'வலி'யை வைத்துப் பாருங்கள். வலி இல்லை என்று விட்கன்ஸ்டைன் சொல்லவில்லை. இந்த இடத்தில்தான் பலரும் சறுக்குகிறார்கள். 'வலி' என்ற சொல்லை நாம் கற்றது, உள்ளே இருக்கும் ஒன்றுக்குச் சீட்டு ஒட்டியல்ல, அழுகை, முனகல், "எங்கே வலிக்கிறது?" என்ற கேள்வி, தடவிக்கொடுத்தல் என்ற முழுச் சூழலிலிருந்தும் கற்றோம் என்கிறார்.

ஆக்ஸ்ஃபோர்டைச் சேர்ந்த தத்துவவாதி கில்பர்ட் ரைல் 1949இல் இதற்குப் பக்கத்துக் கருத்து ஒன்றைச் சொன்னார். ஒருவருக்குப் பல்கலைக்கழகத்தைச் சுற்றிக் காட்டுகிறோம். கல்லூரிகள், நூலகம், ஆய்வுக்கூடம், விளையாட்டுத் திடல் எல்லாம் பார்த்த பிறகு அவர் கேட்கிறார்: "எல்லாம் சரி, பல்கலைக்கழகம் எங்கே?" ஒரு வகையைச் சேர்ந்ததை இன்னொரு வகையில் வைத்துத் தேடும் இதற்கு ரைல் வைத்த பெயர் வகைப் பிழை. ஒருவர் கணக்குப் போடுகிறார், நகைச்சுவையைச் சட்டென்று பிடிக்கிறார், சதுரங்கத்தில் நாலு நகர்வு முன்னால் யோசிக்கிறார். எல்லாவற்றையும் பார்த்துவிட்டு, "இவற்றையெல்லாம் செய்ய வைக்கும் நுண்ணறிவு உள்ளே எங்கே இருக்கிறது?" என்று தேடுவது அதே பிழையாக இருக்கலாம்.

'இருக்கலாம்' என்றுதான் சொல்கிறேன். ரைல் சொன்னதை எல்லாரும் ஏற்கவில்லை. எனக்கும் அவர் சில இடங்களில் அவசரப்பட்டுவிட்டதாகத் தோன்றும். ஆனால் அவர் எழுப்பிய சந்தேகம் இன்னும் உயிரோடு இருக்கிறது. "மூளை முடிவெடுக்கிறது", "மூளை நம்புகிறது" என்று செய்திகளில் படிக்கிறோம் அல்லவா? முடிவெடுப்பதும் நம்புவதும் மனிதர் செய்வது, மூளை அதற்குத் தேவையான ஓர் உறுப்பு என்று மேக்ஸ் பென்னட் என்ற நரம்பியலாளரும் பீட்டர் ஹேக்கர் என்ற தத்துவவாதியும் 2003இல் வாதிட்டார்கள். கால் நடப்பதில்லை, கால்களால் மனிதர்தான் நடக்கிறார் என்பது போல.

சொல் தொடர்பான இன்னொரு விமர்சனம் நார்வே நாட்டு உளவியலாளர் யான் ஸ்மெட்ஸ்லுண்டுடையது. இவர் துறைக்கு உள்ளேயே இருப்பவர், அதனால் குத்து கொஞ்சம் ஆழமாகவே இறங்குகிறது. 'எதிர்பாராதது நடந்தால் மனிதர்கள் ஆச்சரியப்படுகிறார்கள்' என்று ஒரு கருதுகோள். இருநூறு பேரை வைத்துச் சோதிக்கிறோம். முடிவு 'ஆம்' என்று வந்தால் கண்டுபிடிப்பா? ஆச்சரியம் என்பதன் பொருளே எதிர்பாராததைச் சந்திப்பதுதானே! ஒருவேளை 'இல்லை' என்று வந்தால்? கருதுகோளைக் கைவிட மாட்டோம். அவர்கள் உண்மையில் அதை எதிர்பார்த்திருக்கிறார்கள் போல, அல்லது கேள்வி புரியவில்லை போல என்போம். எந்த முடிவு வந்தாலும் மாறாத ஒன்றைச் சோதிக்க ஆட்களைக் கூப்பிடுவது எதற்கு? உளவியல் ஆய்வுகளில் கணிசமானவை அகராதியில் இருக்கும் விஷயத்தைப் புள்ளிவிவரத்தால் நிரூபிப்பவை என்பது இவர் வாதம்.

எண் எங்கிருந்து வந்தது?

அந்த 14க்கு வருவோம். எனக்குப் பிடித்த பகுதி இது, கொஞ்சம் நின்று பார்க்கலாம்.

மூன்று சென்டிமீட்டர் குச்சி இரண்டை முனையோடு முனை சேர்த்து வைத்தால் ஆறு சென்டிமீட்டர். நீளத்தின் விஷயத்தில் 'கூட்டல்' என்பது வெறும் தாளில் போடும் கணக்கு அல்ல. குச்சிகளை வைத்து உலகத்திலேயே செய்து காட்டலாம். இப்படிக் கூட்டவும் பகுக்கவும் இடம் தரும் அமைப்பு ஒரு பண்புக்கு இருந்தால் அதை அளவுப் பண்பு என்போம். நீளம், நிறை, நேரம் எல்லாம் அளவுப் பண்புகள்.

இதற்கு மாறாக ஓட்டப்பந்தயத்தை எடுத்துக்கொள்ளுங்கள். முதலாவது, இரண்டாவது, மூன்றாவது என்று வரிசை இருக்கிறது. ஆனால் முதலாமவருக்கும் இரண்டாமவருக்கும் இடையே இமைப்பொழுது வித்தியாசமும், இரண்டாமவருக்கும் மூன்றாமவருக்கும் இடையே அரை நிமிடமும் இருக்கலாம். 1, 2, 3 என்ற எண்கள் அதைக் காட்டாது. இந்த எண்களைக் கூட்டினால் விடை வரும், அர்த்தம் வராது.

என் படிவத்தின் 0, 1, 2, 3 எந்த ரகம்? 'இல்லவே இல்லை'யிலிருந்து 'சில நாட்கள்' வரை உள்ள தூரமும், அங்கிருந்து 'பாதி நாட்களுக்கு மேல்' வரை உள்ள தூரமும் ஒன்றா? தூக்கக் கேள்வியில் வாங்கிய 2ஐயும் குற்றவுணர்ச்சிக் கேள்வியில் வாங்கிய 2ஐயும் எந்த முனையோடு எந்த முனையை ஒட்டிக் கூட்டினோம்?

இந்தச் சண்டை பழையது. மன அனுபவத்தை அளக்கலாம் என்று 1860இல் குஸ்தாவ் ஃபெக்னர் முழு நூலே எழுதினார். 1932இல் பிரிட்டனின் அறிவியல் முன்னேற்றச் சங்கம் இதைத் தீர்க்க இயற்பியலாளர்களையும் உளவியலாளர்களையும் சேர்த்து ஒரு குழு போட்டது. புலனுணர்வின் அளவை எண்ணால் அளக்க முடியுமா என்பதே கேள்வி. 1940இல் இறுதி அறிக்கை வந்தபோதும் இரு தரப்புக்கும் உடன்பாடு இல்லை. அந்தக் குழு விவாதித்தவற்றில் ஒன்று, ஒலியின் உரப்பை அளக்க எஸ். எஸ். ஸ்டீவன்ஸ் என்ற அமெரிக்க உளவியலாளர் உருவாக்கிய அளவுகோல்.

ஸ்டீவன்ஸ் 1946இல் பதில் சொன்னார். அளவீடு என்றால் என்ன என்ற வரையறையையே மாற்றினார்: ஏதோ ஒரு விதியின்படி பொருள்களுக்கோ நிகழ்வுகளுக்கோ எண்களை ஒதுக்குவதுதான் அளவீடு. அவ்வளவுதான். இந்த வரையறைப்படி படிவத்தில் மதிப்பெண் போடுவதும் அளவீடுதான், விதி இருக்கிறதே! உளவியல் பாடநூல்கள் இதை அப்படியே எடுத்துக்கொண்டன. பந்தயத்தில் தோற்றவர் எல்லைக்கோட்டை அழித்துத் தன் காலடியில் வரைந்துகொண்ட மாதிரி என்று எனக்குத் தோன்றும். ஸ்டீவன்ஸுக்கு நியாயமாகச் சொன்னால், எல்லா எண்ணும் ஒன்றல்ல என்பதை அவரே வலியுறுத்தினார்; வெறும் பெயராக நிற்கும் எண், வரிசை காட்டும் எண், இடைவெளி காட்டும் எண், விகிதம் காட்டும் எண் என்று நான்காகப் பிரித்தார். பின்னால் வந்தவர்கள் வரையறையை வைத்துக்கொண்டு எச்சரிக்கையை விட்டுவிட்டார்கள்.

ஆஸ்திரேலிய உளவியலாளர் ஜோயல் மிச்செல் இதை 1990களில் கூர்மையாகத் திறந்து காட்டினார். எதையும் அளப்பதற்கு முன் இரண்டு வேலை உண்டு. அந்தப் பண்பு உண்மையிலேயே அளவுப் பண்புதானா என்று கண்டறிவது முதல் வேலை. ஆம் என்றால் மட்டும், அதற்கான கருவி செய்வது இரண்டாவது. உளவியல் முதல் வேலையைச் செய்யாமல் நேராக இரண்டாவதற்குத் தாவிவிட்டது. தாவியதை மறைக்க ஸ்டீவன்ஸின் வரையறை உதவியது. மிச்செலின் குற்றச்சாட்டின் சாரம் இதுதான். நுண்ணறிவு அளவுப் பண்பே அல்ல என்று அவர் சொல்லவில்லை. இருக்கலாம், யாரும் சோதிக்கவில்லை என்கிறார். 1923இலேயே எட்வின் போரிங் என்ற உளவியலாளர், நுண்ணறிவு என்பது நுண்ணறிவுத் தேர்வுகள் எதைச் சோதிக்கின்றனவோ அது என்று எழுதினார். கருவி எதைக் காட்டுகிறதோ அதுவே பொருள் என்றால் கருவி தவறுவதற்கே வழியில்லை.

சரி, இது வெறும் தத்துவ நுணுக்கமா? மனச்சோர்வையே எடுத்துக்கொள்வோம். அமெரிக்க மனநல மருத்துவச் சங்கத்தின் கையேட்டில் பெரும் மனச்சோர்வுக்கு ஒன்பது அறிகுறிகள். அவற்றில் குறைந்தது ஐந்து இருக்க வேண்டும். சோகமான மனநிலை, நாட்டமின்மை என்ற இரண்டில் ஒன்றாவது அந்த ஐந்தில் இருக்க வேண்டும். எத்தனை விதங்களில் இது அமையலாம் என்று கணக்குப் போட்டால் 227 சேர்க்கைகள் வருகின்றன.

இருவரைப் பக்கத்தில் வைத்துப் பார்ப்போம். ஒருவருக்குச் சோகம், பசியில் மாற்றம், தூக்கக் கோளாறு, களைப்பு, கவனம் சிதறுதல். இன்னொருவருக்கு நாட்டமின்மை, உடல் அசைவுகள் மந்தமாதல், தான் எதற்கும் லாயக்கில்லை என்ற உணர்வு, சாவைப் பற்றிய நினைப்பு, களைப்பு. இருவருக்கும் ஒரே நோய்ப்பெயர். பொதுவாக இருப்பது களைப்பு ஒன்றுதான். இன்னும் வேடிக்கை, தூக்கக் கோளாறு என்ற ஒரே அறிகுறியில் தூக்கம் வராமையும் அடங்கும், அளவுக்கு மீறித் தூங்குவதும் அடங்கும். பரவலாகப் பயன்படும் ஏழு மனச்சோர்வு அளவுகோல்களை 2017இல் எய்கோ ஃப்ரீட் ஒப்பிட்டபோது, மொத்தம் 52 வெவ்வேறு அறிகுறிகள் அவற்றில் இருந்தன. ஏழும் ஒரே பொருளை அளக்கின்றன என்று எந்த நம்பிக்கையில் சொல்வது?

துன்பம் பொய் என்று இதற்கு அர்த்தமில்லை. இருவரும் உண்மையாகவே வதைபடுகிறார்கள். ஒரே எண்கோட்டில் ஒருவரை 14 என்றும் மற்றவரை 17 என்றும் நிறுத்தலாம் என்பதுதான் சந்தேகத்துக்கு உரியது.

சுருக்கமாக: எண் இருப்பதால் மட்டும் அளவு இருப்பதாகிவிடாது. அளவு இருக்கிறதா என்பது தனியாகக் கேட்க வேண்டிய கேள்வி.

ஃப்ராய்டும் பாப்பரும்

பொதுப் பேச்சில் அதிகம் அடிபடுவது இதுதான், ஆனால் நான் வேகமாகக் கடக்கப்போகிறேன். ஒரு கோட்பாடு அறிவியலாக இருக்க வேண்டுமானால், அது தவறு என்று காட்டக்கூடிய ஒரு நிகழ்வையாவது முன்கூட்டிச் சொல்ல முடிய வேண்டும் என்றார் தத்துவவாதி கார்ல் பாப்பர். பொய்ப்பிக்கத்தக்க தன்மை என்பது இதுதான். ஒருவர் குழந்தையைக் கொல்ல நீரில் தள்ளுகிறார். இன்னொருவர் அதைக் காப்பாற்ற உயிரையே கொடுக்கிறார். நேர் எதிரான இரண்டையும், உளப்பகுப்பாய்வைத் தொடங்கிய ஃப்ராய்டின் கோட்பாடு ஒரே எளிமையோடு விளக்கிவிடும், அவரிடமிருந்து பிரிந்துபோன அட்லரின் கோட்பாடும் விளக்கிவிடும். எல்லாவற்றையும் விளக்குவதே அதன் பலவீனம் என்றார் பாப்பர்.

இந்த வாதத்தை எடுத்து உளவியல் முழுவதன் மேலும் வீசுகிறார்கள். அது சரியல்ல, பாப்பர் குறிவைத்தது உளப்பகுப்பாய்வை. ஆய்வுக்கூட உளவியல் தவறாகக்கூடிய கணிப்புகளைத் தினமும் சொல்கிறது. ஃப்ராய்டைப் பற்றியே பாப்பர் சொன்னது தவறு என்றார் அடால்ஃப் குரூன்பாம் என்ற தத்துவவாதி, 1984இல். ஃப்ராய்டின் கூற்றுகளைச் சோதிக்க முடியும். ஆனால் சிகிச்சை அறையில் கிடைக்கும் சான்றுகளில் மருத்துவரின் தூண்டுதல் கலந்துவிடுவதால் அவற்றை நம்ப முடியாது என்பது இவர் கட்சி.

பெயர் வைத்தால் திரும்பிப் பார்க்கும் பொருள்

எலக்ட்ரானுக்கு நாம் என்ன பெயர் வைத்தாலும் அதற்குக் கவலையில்லை. மனிதர் அப்படியல்ல. "நீ இன்ன வகை" என்று ஒருவரிடம் சொன்னால் அவர் அதைக் கேட்கிறார், யோசிக்கிறார், அதற்கேற்ப நடக்கிறார், அல்லது எதிர்க்கிறார். அவர் மாறியதும் வகையின் விவரிப்பு பொருந்தாமல் போகிறது, விவரிப்பை மாற்றுகிறார்கள், அது மறுபடி அவர் காதில் விழுகிறது. கனடாவைச் சேர்ந்த தத்துவவாதி இயன் ஹாக்கிங் இதைச் சுழல் விளைவு என்றார்.

தன்பாலீர்ப்பு ஒரு காலத்தில் அமெரிக்க மனநல மருத்துவச் சங்கத்தின் நோய்ப் பட்டியலில் இருந்தது. 1973இல் அதை நீக்க முடிவு செய்தார்கள். ஆராய்ச்சி முடிவுகளுக்கும் அதில் பங்கு உண்டு. ஆனால் அந்தப் பெயர் ஒட்டப்பட்டவர்களே சங்கத்தின் கூட்டங்களுக்குள் புகுந்து போராடியதற்கும் பங்கு உண்டு. எந்த வேதிப்பொருளும் தன்னைத் தனிம அட்டவணையில் தவறான இடத்தில் வைத்துவிட்டார்கள் என்று ஊர்வலம் போனதில்லை.

இதோடு கலக்கக்கூடாத ஒன்று

2015இல் வெளியான ஒரு கூட்டு முயற்சியில் 100 உளவியல் ஆய்வுகளைத் திரும்பச் செய்து பார்த்தார்கள். மூல ஆய்வுகளில் 97 சதவீதம் புள்ளியியல் அடிப்படையில் குறிப்பிடத்தக்க முடிவைக் காட்டியிருந்தன. மறுபடி செய்தபோது 36 சதவீதம்தான் காட்டின. அதிர்ச்சியான செய்திதான். ஆனால் இது தராசைப் பற்றிய பிரச்சினை. ஆட்கள் எண்ணிக்கையைக் கூட்டினால், கருதுகோளை ஆய்வுக்கு முன்பே பதிவு செய்துவைத்தால், வேண்டாத முடிவுகளை மறைக்காமல் வெளியிட்டால் இது சரியாகும். தட்டில் என்ன இருக்கிறது என்ற கேள்வி அப்போதும் அப்படியே நிற்கும். நூறு ஆய்வும் அச்சுப் பிசகாமல் திரும்ப வந்தாலும், அளந்தது இன்னதென்று தெரியாமலேயே இருக்கலாம்.

எதிர்த்தரப்பின் வலுவான பதில்

வெப்பமானியின் கதையைத்தான் உளவியலின் ஆதரவாளர்கள் எடுத்துக் காட்டுவார்கள். 17ஆம் நூற்றாண்டில் வெப்பத்தைக் காட்டும் கருவிகள் வந்தபோது, வெப்பம் என்றால் என்ன என்று யாருக்கும் தெரியாது. பாதரசம் சீராக விரிகிறதா, ஆல்ககால் சீராக விரிகிறதா? தெரிய வேண்டுமானால் சரியான வெப்பமானி வேண்டும். சரியான வெப்பமானி வேண்டுமானால் எது சீராக விரிகிறது என்று தெரிய வேண்டும். அப்படியும் வேலையை நிறுத்தவில்லை. கருவியைக் கொண்டு புரிதலைத் திருத்தி, புரிதலைக் கொண்டு கருவியைத் திருத்தி, 1848இல் வில்லியம் தாம்சன் தனி வெப்பநிலை அளவுகோலை முன்மொழியும் இடம் வரை வந்தார்கள். உளவியலுக்கும் அந்த அவகாசத்தைக் கொடுங்கள் என்பது கோரிக்கை.

இதை என்னால் எளிதில் தள்ள முடியவில்லை. ஒன்றை மட்டும் சொல்லலாம். வெப்பமானிக்காரர்களுக்குத் தங்கள் கருவிகள் ஒன்றோடொன்று ஒத்துப்போகாதது உறுத்திக்கொண்டே இருந்தது, அதைத் தீர்க்கத் தலைமுறைகளாக மண்டையை உடைத்துக்கொண்டார்கள். 52 அறிகுறிகள் அந்த அளவுக்கு உறுத்துகின்றனவா?

அப்புறம், அடி எல்லா இடத்திலும் ஒரே மாதிரி விழவில்லை. 1885இல் ஹெர்மன் எபிங்ஹாஸ் பொருளற்ற அசைகளைத் தானே மனப்பாடம் செய்து, எவ்வளவு வேகமாக மறக்கிறோம் என்று காட்டினார். 2015இல் அதே முறையில் மறுபடி செய்தபோது கிட்டத்தட்ட அதே வளைகோடு வந்தது. அவர் அளந்தது நேரம். ஒரு பட்டியலை மறுபடி கற்க எத்தனை விநாடி மிச்சமாகிறது என்று பார்த்தார். நேரம் அளவுப் பண்பா என்று யாரும் சண்டை போடுவதில்லை. பார்வை, செவி, நினைவு போன்ற பகுதிகளில் உளவியல் நிற்கும் தரை கெட்டி. ஆளுமை, மகிழ்ச்சி, தன்மதிப்பு என்று போகப்போகத்தான் கால் புதைகிறது.

பிரித்தது யார்?

மன அனுபவத்தை உணர்ச்சி, ஊக்கம், ஆளுமை, கற்றல் என்று பாடநூல் அத்தியாயங்களாகப் பிரிக்கிறார்களே, அந்தக் கோடுகளை இயற்கை போட்டதா, நாம் போட்டோமா?

உளவியலாளர் பால் எக்மன் முகபாவங்களை ஆராய்ந்து அடிப்படை உணர்ச்சிகள் என்று ஆறைச் சொன்னார்: மகிழ்ச்சி, துயரம், அச்சம், கோபம், வியப்பு, அருவருப்பு. தொல்காப்பியம் மெய்ப்பாடுகளாக எட்டைச் சொல்கிறது: நகை, அழுகை, இளிவரல், மருட்கை, அச்சம், பெருமிதம், வெகுளி, உவகை. அது செய்யுளுக்கான இலக்கணம், ஆய்வுக்கூட அறிக்கையல்ல. ஒன்றை வைத்து மற்றதைத் தோற்கடிக்க முடியாது. ஆனால் இரண்டுமே உடலில் வெளிப்படுவதிலிருந்துதான் தொடங்குகின்றன. எக்மன் ஒன்றாக வைத்த இடத்தில் தொல்காப்பியம் நகையையும் உவகையையும் தனித்தனியாக வைக்கிறது. பெருமிதத்துக்கு எக்மனின் ஆறில் இடமே இல்லை. கல்வி, அஞ்சாமை, புகழ், கொடை என்ற நான்கிலிருந்து பிறக்கும் அது ஓர் உணர்ச்சியா, குணமா, நிமிர்ந்து நிற்கும் ஒரு விதமா?

உளவியலின் வரலாற்றை எழுதிய கர்ட் டான்சிகர் 1950களின் பிற்பகுதியில் இந்தோனேசியாவின் யோக்யகர்த்தா நகரில் பல்கலைக்கழகத்தில் உளவியல் கற்பிக்கப் போனார். போன இடத்தில், உள்ளூர்ச் சிந்தனை மரபிலிருந்து வந்த வேறொரு உளவியலை ஒருவர் ஏற்கெனவே கற்பித்துக்கொண்டிருந்தார். டான்சிகருக்கு ஆர்வம் வந்துவிட்டது. இருவரும் சேர்ந்து கருத்தரங்கு நடத்தலாம், ஒரே தலைப்பை எடுத்து ஆளுக்கொரு பார்வையில் பேசலாம் என்றார். அவரும் மகிழ்ச்சியாகச் சம்மதித்தார். தலைப்புகளைப் பட்டியலிட உட்கார்ந்தபோதுதான் சிக்கல். 'ஊக்கம்' என்றார் டான்சிகர். அவர் அந்தத் தலைப்பின் கீழ் இயல்பாகச் சேர்த்த விஷயங்கள், மற்றவருக்கு ஒன்றுக்கொன்று சம்பந்தமில்லாத உதிரிகளாகத் தெரிந்தன. இவற்றை ஏன் ஒன்றாகப் பேச வேண்டும் என்றே அவருக்கு விளங்கவில்லை. அவர் சொன்ன தலைப்புகளோ டான்சிகருக்கு உளவியலாகவே படவில்லை. இருவருக்கும் பகையில்லை, ஒருவர் மற்றவரைத் தவறு என்று சொல்லவும் இல்லை. கருத்து வேறுபடுவதற்காவது பொதுவாக ஒரு தலைப்பு வேண்டுமே! அது கிடைக்கவில்லை. கருத்தரங்கு கடைசிவரை நடக்கவே இல்லை.